சிப்பிக்குள் வைத்த பிள்ளைக்குக் கிடைத்த பரிசு

லா சப்பல், பாரிஸ்

அன்புள்ள அண்ணாவுக்கு,

தங்கை கலாவதி எழுதுவது. இங்கே எல்லாரும் நலம். தொலைபேசியில் அவ்வளவு கத்திய பிறகும் உங்கள் இரத்த அழுத்தம் நலமாக இருக்க ரூ பஜோல் பிள்ளையாரை வேண்டிக்கொண்டேன். யாமினியின் பரிசு பெற்ற குறும்படத்தைச் சனிக்கிழமைத் திரையிடலுக்கு முன் திரும்பப் பெறாவிட்டால், அடுத்த மாதம் உங்கள் மகள் தர்மிளா பெரியபிள்ளையானதற்கு வைக்கும் சாமத்தியச் சடங்குக்கு ரொறன்ரோ பக்கமே வரவேண்டாம் என்றீர்கள். உத்தரவு. ஆனால் எதைத் திரும்பப் பெறுகிறோம் என்று உங்களுக்குத் தெரியவேண்டாமா?

என் மகள் புதிதாக ஒன்றும் எடுக்கவில்லை, அண்ணா. பியர்ஃபித் மண்டபத்தில் நாங்கள் அவளுக்குச் செய்த சடங்கின் வீடியோதான் அது. ராட்சதச் சிப்பி வாய் திறக்கப் புகைக்குள்ளிருந்து பிள்ளை எழும்பியது, ரோசாப்பூவின் நடுவில் அவளுடைய தலை மட்டும் சுழன்றது, ஈபிள் கோபுரத்தைவிட உயரமாக நின்று தன் உள்ளங்கையில் ஆடும் தன்னையே பார்த்தது, எல்லாம் வீடியோக்காரர் கீர்த்தனனின் கைவண்ணம், கலியாண வீடுகளில் நாங்கள் சொல்லிச் சொல்லிப் புகழ்ந்தது. யாமினி செய்த குற்றம், பாட்டுகளை எடுத்துவிட்டு, அடியில் கிடந்த பேச்சைக் கேட்கவிட்டு, பிரெஞ்சில் எழுத்தும் போட்டது. கீர்த்தனனும் அவளும் பேசியதைக் கேளுங்கள்:

"சிரி பிள்ளை, பல்லுத் தெரியட்டும். அழுதா மை கரையும்."

"தலை பாரமாக் கிடக்கு, அங்கிள்."

"கொஞ்சம் பொறு. மாமா, கூலிங் கிளாஸைக் கழட்டாதேங்கோ, ஸ்டைலாக் கிடக்கு. இன்னொருக்கா தண்ணியை ஊத்துங்கோ!"

தாய்மாமனாகப் பறந்து வந்த நீங்களும் வார்க்கிறீர்கள், அவள் நடுங்க நடுங்க.

போன வாரம் குறும்பட விழாவில் ஆன்ஜெலிக் என்ற நடுவர் அம்மையார் பரிசைக் கொடுத்துவிட்டு, "பெண்மையை இவ்வளவு கோரமாகக் கற்பனை செய்த கலைஞர் யார்?" என்று கேட்டார். யாமினி என்னைக் காட்டினாள். எழும்பிக் கும்பிட்டேன், வேறென்ன செய்ய? கறுப்புக் கண்ணாடி மனிதர் எதன் குறியீடு என்றார். என் அண்ணா என்றேன். அரங்கமே கைதட்டியது. மண்டபம் நிறையச் சொந்தக்காரர் கேக் தின்றபடி பார்த்தும் காணாத ஒன்றை, விழாவுக்கு வந்த சனம் முதற்பார்வையிலேயே கண்டுவிட்டது. ரசனை கெட்ட சனம்.

குடும்ப மானம் பெரிது. படத்தைத் திரும்பப் பெறச் சொல்லி யாமினியிடம் சொல்லிவிட்டேன். அண்ணிக்கு என் அன்பு. அம்பாள் உங்களுக்கு நீண்ட ஆயுளும் கொஞ்சம் பொறுமையும் தரட்டும்.

இப்படிக்கு,
பணிவுள்ள தங்கை
கலாவதி

பி.கு.: கடிதத்தை ஒட்டப்போகையில் தர்மிளா அழைத்தாள். "மாமி, அப்பா சடங்குக்கு ஓடர் பண்ணின பெரிய தாமரைக்குள்ள என்னை வைக்க வேண்டாமெண்டு சொல்லுங்கோ. நான் சொன்னா சிரிக்கிறார்." நான் சொல்கிறேன், அண்ணா: வைக்கவேண்டாம். படம் சனிக்கிழமை ஓடும். அதைத் தர்மிளாவுக்கும் அனுப்பிவிட்டேன். உங்களைப் பக்கத்தில் இருத்திக் காட்டுவாள். முடிந்தால் அப்போதும் சிரியுங்கள்.