ஐந்து பிரபுக்களும் ஒரு டிரைவரும்

வாய் ஓயாமல் பேசுவதற்குப் பரிசு வைத்தால், ஜெர்மனியின் பான் நகரத்து ஊமைப்பட அண்ணைக்குத்தான் முதற்பரிசு. இரண்டாம் பரிசும் அவருக்கே. மற்றவர்கள் பேச அவர் இடம் விட்டால்தானே!

தொழில் டிராம் ஓட்டுவது. பைத்தியம் பழைய ஊமைப்படங்கள் மேல். அதிலும் கார் புதுமையாக இருந்த காலத்துச் சிரிப்புப் படங்கள் என்றால் சோறு தண்ணீர் வேண்டாம். அப்படி ஒன்றை எங்கள் தமிழ்ச் சங்கத்து ஆண்டு விழாவுக்குக் கைபேசியில் எடுப்பதென்று போன வருடம் கிளம்பினார்.

கதையில் ஒரு பிரபு, ஒரு டிரைவர். நடிக்கப்போன ஐந்து பேரும் பிரபு வேடம்தான் வேண்டுமென்று ஒற்றைக்காலில் நின்றோம்.

"டிரைவரோ? படத்தைக் கனடாவில மச்சாள் ஆக்களும் பாப்பினம். ஏலாது அண்ணை," என்றேன் நான்.

"நான் டிராம் ஓடுறன். எனக்கென்ன குறைஞ்சு போச்சு?"

ஒருவரும் அசையவில்லை. கடைசியில் படத்தில் ஐந்து பிரபுக்கள். டிரைவர், அண்ணை.

பக்கத்து வீட்டு ஜெர்மன்காரர் தன் பழைய திறந்த காரை இரவல் தந்தார். ரைன் ஆற்றங்கரையில் என் கைபேசி ஸ்டாண்டில் ஓடிக்கொண்டிருந்தது. கார் மட்டும் ஓடவில்லை.

"பிரபுமாரே, இறங்கித் தள்ளுங்கோ!"

கோட்டும் உயரத் தொப்பியுமாகத் தள்ளினோம். என் தொப்பி ஆற்றோடு போயிற்று. டிரைவர் கால்மேல் கால் போட்டுக்கொண்டு, "கெதியா, கெதியா!" என்றார். சைக்கிளில் போனவர்கள் நின்று கைதட்டினார்கள்.

அன்று மாலையே ஐவரும் அவர் வீட்டுக்குப் போனோம்.

"அந்தக் காட்சிய வெட்டுங்கோ. இல்லாட்டி நாங்கள் படத்தில இல்லை."

"அதுதானடாப்பா சிரிப்பே! அத வெட்டினா மிச்சம் என்ன இருக்கு?"

நாங்கள் இறங்கி வரவில்லை. வெட்டினார். அதன்பின் ஒரு கிழமை, யார் என்ன கேட்டாலும் "ஓம்" என்ற ஒரே சொல்தான். நிம்மதி என்று நினைத்தேன். இரண்டாம் நாளே அவர் பேச்சில்லாமல் எனக்குப் பொழுது போகவில்லை. வெட்கமாகவும் இருந்தது.

விழாவில் படத்தை ஓடவிடும் வேலை என்னுடையது. வெட்டிய காட்சி என் கைபேசியில் பத்திரமாக இருந்தது. ஒருவருக்கும் சொல்லாமல் திரும்பச் சேர்த்துவிட்டேன்.

பிரபுக்கள் தள்ளத் தொடங்கியதும் மண்டபம் சிரிப்பில் குலுங்கியது. மற்ற நான்கு பேரும் என்னை முறைத்தார்கள். பிறகு தங்கள் பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரிப்பதைக் கண்டு அவர்களும் சிரித்தார்கள்.

பக்கத்துக் கதிரையிலிருந்து அண்ணை என் கையைப் பிடித்தார்.

"நீயோ தம்பி?"

"ஓம் அண்ணை."

அவ்வளவுதான், மடை திறந்தது. கார் ஏன் நின்றது, தொப்பி எந்தப் பக்கம் பறந்தது, எல்லாம் உரத்த குரலில்.

"உஷ்! படம் பாக்க விடுங்கோ," என்றார் பின்னாலிருந்த ஒரு அக்கா.

நான் திரும்பிச் சொன்னேன்: "அவர் கதைக்கட்டும், விடுங்கோ அக்கா."