முத்தம்மா அக்காவைத் தின்ற கதை

ஒரு மொழியை மூன்று மாதம் படித்தவனுக்கு இருக்கும் துணிச்சல், முப்பது வருடம் பேசியவனுக்கு இருக்காது. என்னிடம் அது கொஞ்சம் கூடுதலாகவே இருந்தது.

மானிடவியலில் முனைவர் பட்டத்துக்காக மதுரையிலிருந்து, பரளச்சிக்கு அந்தப் பக்கம் சீமைக்கருவேலங் காட்டோரம் இருந்த ஒரு காட்டுநாயக்கர் குடியிருப்புக்குப் போய்வந்துகொண்டிருந்தேன். நான் படித்தது அவர்கள் வீட்டுக்குள் பேசும் மொழியை. மதியச் சாப்பாடு முத்தம்மா அக்கா வீட்டில். காசு கொடுத்தால் வாங்கமாட்டார். ('தகவலாளருடன் நல்லுறவு வளர்கிறது' என்று நோட்டில் எழுதிக்கொள்வேன். வளர்ந்தது கருவாட்டுக் குழம்புடனான உறவு.)

அவர் மகள் கார்த்திகா பிளஸ் டூ முடித்திருந்தாள். நர்சிங்கில் இடம் கிடைத்திருந்தது, ஆனால் பழங்குடிச் சான்றிதழ் வேண்டும். மூன்று முறை மனுப் போட்ட பிறகு, நேரில் விசாரிக்க ஓர் அதிகாரி வருவதாகத் தகவல் வந்தது. கல்லூரியில் சேர நாலு நாள்தான் பாக்கி.

அவர் வருமுன்பே நான் என் மேதாவித்தனத்தை ஆரம்பித்துவிட்டேன். "டிவியைப் போர்வை போட்டு மூடிருவோம்க்கா. பாக்க பழங்குடி வீடு மாதிரி இருக்கணும்."

அக்கா என்னை ஏற இறங்கப் பார்த்தார். "இது பழங்குடி வீடுதான தம்பி. டிவி நாங்க வாங்குனதுதான?"

(ஏழு வருடம் மானிடவியல் படித்தவனுக்கு இது உறைக்கவில்லை. மூடினேன்.)

அதிகாரி அமைதியான மனிதர். வேப்பமரத்தடியில் நாற்காலி போட்டோம். எல்லாரும் கூடினார்கள். "வீட்ல பேசுற பாஷையில கொஞ்சம் பேசுங்கம்மா" என்றார், பழங்குடிதானா என்று சோதிக்க.

முத்தம்மா அக்காவுக்குப் பேச வாய் வரவில்லை. கார்த்திகா தரையைப் பார்த்தாள். பஸ்ஸிலும் பள்ளியிலும் கேலி செய்வார்களே என்று வெளியிடங்களில் வாய்க்குள்ளேயே அடக்கிப் பழகிய மொழி அது. அதிகாரி கேட்டதும் எங்கிருந்து வரும்?

"என்ன பேசன்னு தெரியலய்யா" என்றார் அக்கா, தமிழில்.

அதிகாரி சற்று நேரம் காத்திருந்தார். பிறகு ஃபைலை மூடினார்.

எழுந்தேன். அந்த மொழியில் நானே ஒரு வாக்கியம் பேசிக் காட்டிவிட்டால் போதும் என்று நினைப்பு. 'இந்த அக்கா போட்ட சோற்றைத் தின்று வளர்ந்தேன்' என்று சொல்லவேண்டும். முத்தம்மா அக்கா பக்கம் கையை நீட்டி, மேடைப் பேச்சாளர் குரலில் முழங்கினேன். உருபுகள் இடம் மாறிவிட்டன.

நான் சொன்னது: 'இந்த அக்காவைச் சோற்றில் போட்டுத் தின்று வளர்ந்தேன்.'

முதலில் கார்த்திகா வாயைப் பொத்தினாள். அப்புறம் மொத்தக் கூட்டமும் சிரித்தது. அக்காவின் தங்கை என்னைத் திருத்தினார். அவர் திருத்தியதே தப்பு என்றார் எதிர்வீட்டுக்காரர். இரண்டு பேருக்கும் தெரியவில்லை என்று முத்தம்மா அக்கா குறுக்கே புகுந்தார். கார்த்திகா தன் அம்மாவையே திருத்தினாள். எல்லாம் அவர்கள் மொழியில். கால் மணி நேரம் நடந்த அந்தச் சண்டையில், அதிகாரி ஒருவர் உட்கார்ந்திருப்பதையே மறந்துவிட்டார்கள். நான் நடுவில், களவு செய்து பிடிபட்டவன் மாதிரி நின்றேன்.

அதிகாரி ஃபைலைத் திறந்து எழுதிக்கொண்டிருந்தார். கிளம்பும்போது என் பக்கம் சாய்ந்து, "அவுக பாஷை நல்லாத்தான் இருக்கு. ஒங்க பாஷைதான் சரியில்ல" என்றார்.

மூன்றாம் நாள் சான்றிதழ் வந்தது. கார்த்திகா இன்று மதுரையில் நர்ஸ்.

மகளின் படிப்பு அந்தரத்தில் தொங்கிய நேரத்தில் உளறிய என்னை முத்தம்மா அக்கா அன்றே விரட்டியிருக்கலாம். அவரோ சாயங்காலம் சோறு போட்டு, அந்த வாக்கியத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லவைத்து, சரியாக வந்த பிறகுதான் பஸ்ஸுக்கு விட்டார். என் முனைவர் பட்டத்தில் அவர் கையெழுத்து இல்லை. இருந்திருக்கவேண்டும்.

என் கல்யாணத்துக்கு வேன் பிடித்து எல்லாரும் வந்தார்கள். அக்கா மணப்பெண்ணைத் தனியே அழைத்து, முகத்தில் சிரிப்பே இல்லாமல் சொன்னாராம்: "தம்பி பசியோட வாரப்ப மட்டும் பக்கத்துல போயிராத தாயி."

இன்றும் நான் 'பசிக்குது' என்றால், என் மனைவி அறைக்குள் போய்த் தாழ் போட்டுக்கொண்டு, "முத்தம்மா அக்காவுக்குப் போன் போடவா?" என்று கேட்கிறாள்.