ஃப்ரீசரில் இருந்த நாடக நோட்டீஸ்

பெண் பார்க்கும் அன்று பெண் குரலை உயர்த்தக் கூடாது என்பது எழுதாத சட்டம். அதை நான் மீறிய விதம் எங்கள் ஜோகுபாளையம் வீட்டில் இன்றும் பேசப்படுகிறது.

அப்போது ஓர் ஆவணக் காப்பகத்தில் புதிதாகச் சேர்ந்திருந்தேன். பெங்களூரின் பழைய காகிதம் எது வந்தாலும் பூச்சி நீக்கி, ஸ்கேன் செய்து, யார் வேண்டுமானாலும் பார்க்கும்படி இணையத்தில் ஏற்றுவது வேலை. (சரித்திரமே என்னை நம்பித்தான் இருக்கிறது என்ற நினைப்பு வேறு.) எங்கள் பேட்டையில் ஒரு காலத்தில் நாடகம் போட்ட குழுவின் நோட்டீஸ் கட்டு ஒன்று கிடைத்தது. வேறு பிரதியே கிடையாது. முழுக்கப் பூச்சி.

காற்றுப் புகாத உறையில் மூடி, சில வாரம் உறைய வைத்தால் பூச்சி செத்துவிடும். காப்பகத்து ஃப்ரீசர் பழுது. நான் சும்மா இருப்பேனா? வீட்டு ஃப்ரீசரிலிருந்த மீனை வெளியேற்றிவிட்டு, உறையில் மூடிய நோட்டீஸ் கட்டை உள்ளே வைத்தேன்.

சில வாரம் கழித்து, பெண் பார்க்க வந்த நாளில் அம்மா ஐஸ்கிரீமுக்கு இடம் தேடி, என்னிடம் சொல்லாமல் அந்த உறையை எடுத்துச் சமையல் மேடையில் வைத்துவிட்டார். மாப்பிள்ளைக்கு வைட்ஃபீல்டில் கம்ப்யூட்டர் வேலை. அவருடைய அம்மாவுக்கு ஓரிடத்தில் உட்காரத் தெரியாது; உதவி செய்கிறேன் என்று சமையலறைக்குள் போய்விட்டார். நான் காபித் தட்டோடு மாப்பிள்ளை முன்னால் குனிந்த நேரம், உள்ளேயிருந்து குரல்:

“இது என்னாம்மா, கல்லு மாதிரி கீது? வெட்டிப் பிரிச்சு வெக்கட்டா?”

நிமிர்ந்து பார்த்தால், கையில் கத்தரிக்கோல்!

குளிர்ந்த உறையை உடனே பிரித்தால் வெளிக்காற்றின் ஈரம் காகிதத்தில் படியும். மசி கலையும், தாள்கள் ஒட்டிக்கொள்ளும். எனக்கு வேறெதுவும் தோன்றவில்லை. பட்டுப் புடவையோடு பாய்ந்தேன்.

“கைய எடுங்க! பிரிச்சீங்க, அவ்ளோதான்!”

அவர் இரண்டு கையையும் தூக்கிவிட்டார். காபி முழுவதும் மாப்பிள்ளை சட்டையில்.

“ஸ்வல்ப அட்ஜஸ்ட் பண்ணிக்கோங்க தம்பி,” என்றார் அம்மா பாதிக் கன்னடத்தில், துண்டைத் தேடியபடி.

மாப்பிள்ளை சட்டையைப் பிழிந்துகொண்டே கேட்டார்: “உள்ள என்ன இருக்கு?”

நான் பூச்சியிலிருந்து தொடங்கி ஒரு சொற்பொழிவே ஆற்றினேன். (யாராவது நிறுத்தியிருக்கலாம்.)

“எப்ப பிரிக்கலாம்?”

“நாளைக்குக் காலைல.”

“சரி, நாளைக்கு வர்றோம்,” என்று எழுந்தார் அவர் அம்மா.

“வந்த மாதிரிதான்!” என்று அம்மா அன்று முழுக்கப் புலம்பினார். எனக்கும் அழுகை வந்தது. காபிச் சட்டையோடு பொறுமையாகக் கேட்ட அந்த மனிதரை எனக்கு மிகவும் பிடித்துப்போயிருந்தது.

மறுநாள் காலையில் நிஜமாகவே வந்துவிட்டார்கள்.

“எங்கள விட்டுட்டுப் பிரிச்சிடலயே?” என்றுதான் செருப்பைக் கழற்றும்போதே அவர் அம்மா கேட்டார்.

கட்டு கொஞ்சமும் ஈரமாகாமல் பிரிந்தது. ஒரு நோட்டீஸில், அழும் குழந்தையோடு வருகிறவர்கள் வாசல் அருகே அமரும்படி கேட்டிருந்தார்கள். மாமியார் (ஆமாம், அவர்தான்) விழுந்து விழுந்து சிரித்தார். இப்போது அந்த நோட்டீஸ்களை இணையத்தில் யாரும் பார்க்கலாம்.

இன்றும் என் வீட்டு ஃப்ரீசரைத் திறந்தால், எதையும் தொடுவதற்கு முன் மாமியார் கூடத்தைப் பார்த்துக் கத்துவார்:

“ஏம்மா, இது திங்கறதா, சரித்திரமா?”

பெரும்பாலும் மீன்தான். எப்போதும் அல்ல.