பலேர்மோ அண்ணையின் கத்தரிக்காய் அவமானம்

சாப்பிட வருகிறவர்களைத் துரத்துவதற்கென்றே கடை திறந்து வைத்திருந்த மனிதர் கொழும்பு மாநகரத்தில் ஒரேயொருவர்தான். அவர் என் வீட்டுக்கு நேர் கீழே வந்து வாய்த்தது என் ஜாதக விசேஷம். வெள்ளவத்தையில் காலி வீதியிலிருந்து கடற்கரைப் பக்கம் இறங்கும் ஒழுங்கைகளில் எங்களுடையதும் ஒன்று. மாடியில் நான். கீழே பலேர்மோ அண்ணையின் பீட்சாக் கடை.

அவருக்குச் சொந்தப் பெயர் ஒன்று இருந்திருக்கும். யாரும் விசாரித்ததில்லை. யாழ்ப்பாணத்திலிருந்து இத்தாலிக்குப் போய், பலேர்மோ நகரத்தில் பல வருஷம் பீட்சா அடுப்பின் முன்னால் வெந்து, மகனைக் கனடாவில் கரையேற்றிவிட்டு, மனைவியோடு இங்கே வந்து இறங்கியவர். வாயைத் திறந்தால் முதல் சொல் "பலேர்மோவில" என்றுதான் வரும். சிங்களம்கூட அங்கேதான் படித்தாராம், அங்கே பிழைக்க வந்த நீர்கொழும்புச் சிங்களவரோடு வேலை செய்து. அதனால் அவருடைய சிங்களத்தில் ஏச்சுகள் மட்டும் சரளமாக இருந்தன.

அந்தக் கடை முன்பு வெளிநாட்டுக்குக் கோல் எடுக்கும் கொமியூனிக்கேஷனாக இருந்தது. கோல் எடுக்கும் கண்ணாடிக் கூண்டுகளை அண்ணை கழற்றவேயில்லை. ஒரு கூண்டில் கை கழுவும் பேசின். இன்னொன்றில் மா மூட்டை. மேசைகள் நான்கு, காற்றாடி ஒன்று. காற்றாடி அண்ணையைப் பார்த்துத்தான் சுழலும். சாப்பிட வந்தவர்கள் வியர்த்தால் அது அவர்கள் பாடு.

உள்ளே போய் உட்கார்ந்தால் சாப்பாடு வராது. முதலில் விசாரணை வரும்.

"பின்னேரம் என்ன சாப்பிட்டனீர்?"

"ஒரு ரோல்ஸ்சும் பிளேன்டீயும்."

"அப்ப உமக்குப் பசி இல்லை. பசிச்ச பிறகு வாரும்."

இப்படி எழுப்பி அனுப்பப்பட்டவர்களில் பெரிய வழக்கறிஞர் ஒருவரும் உண்டு. நீதிமன்றத்தில் எத்தனையோ பேரைக் குறுக்கு விசாரணையில் புரட்டி எடுத்த மனிதர், ஒரு மீன் பணிஸைத் தின்றதாக ஒப்புக்கொண்ட பாவத்துக்கு வெளியே போய் நின்றார். தக்காளி சோஸ் கேட்டவர்களின் கதி இன்னும் மோசம். அவர்களிடம் அண்ணை ஒரு வார்த்தை பேசமாட்டார். தட்டைத் தூக்கிக்கொண்டு உள்ளே போய்விடுவார். அது திரும்பி வராது.

பிறகு நீ ஏன் அங்கே போனாய் என்று கேட்பீர்கள். எனக்குச் சமைக்கத் தெரியாது, படி இறங்கினால் கடை. அத்தோடு அந்தப் பீட்சா நன்றாக இருந்தது. அதுதான் பெரிய எரிச்சல். இவ்வளவு ஆணவம் பிடித்தவனின் சாப்பாடாவது வாயில் வைக்க விளங்காமல் இருந்திருந்தால் மனதுக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

கடை எப்படி ஓடியது என்று சொல்லத் தேவையில்லை. ஓடவில்லை. ரொறன்ரோவிலிருந்து மகன் ஒவ்வொரு ஞாயிறும் வீடியோ கோலில் வருவான். ஸ்பொன்சர் அலுவலெல்லாம் சரி, மெடிக்கலும் முடிந்துவிட்டது. தைப்பொங்கல் வரைக்கும் பார்ப்பது, அதற்குள் கடை தன் வாடகையையாவது தானே கட்டாவிட்டால் பூட்டிவிட்டு இருவரும் கனடாவுக்கு ஏறுவது என்று தகப்பனுக்கும் மகனுக்கும் ஒப்பந்தம். அங்கே அவர்களுக்காக பேஸ்மென்றில் ஓர் அறை தயாராக இருந்தது.

"உயிரோட இருக்கேக்கையே நிலத்துக்குக் கீழ போய்ப் படுக்கச் சொல்லுறான், பாத்தீரா?" என்பார் அண்ணை.

அண்ணையின் மனைவி எனக்கு அக்கா. அவரைக் கேட்டால், "எனக்கென்ன தம்பி. அங்கயும் சமைக்கிறது, இங்கயும் சமைக்கிறது" என்பார். கல்லாவில் இருப்பதும் பின்னால் வீட்டுச் சமையலைப் பார்ப்பதும் அக்காவின் வேலை. பீட்சா அடுப்புப் பக்கம் அவர் வரக்கூடாது. பலேர்மோவில் பெண்சாதிமார் அப்படி வருவதில்லையாம்.

கார்த்திகையில் ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம் தொலைக்காட்சிக்காரர்கள் வந்தார்கள். அண்ணையைத் தேடி வரவில்லை. சந்து பொந்துகளில் இருக்கும் சின்னச் சின்னக் கடைகளில் புகுந்து சாப்பிட்டுக் காட்டும் நிகழ்ச்சி அது. எதிரேயுள்ள கொத்து ரொட்டிக் கடையைப் படம் பிடிக்கத்தான் கமெராவோடு இறங்கினார்கள். கடைக்காரர் ஜும்ஆத் தொழுகைக்குப் போயிருந்தார், கடை பூட்டு. வெயிலில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். பலேர்மோ அண்ணை வாசலில் நின்று யாரையோ ஏசிக்கொண்டிருந்தார்.

அன்று எனக்கு லீவு. மூலை மேசையில் உட்கார்ந்து எல்லாவற்றையும் இந்தக் கண்ணால் பார்த்தேன். தொப்பி போட்ட ஒரு பொடியன்தான் நிகழ்ச்சிக்காரன். நல்ல வேளை, காலையிலிருந்து பட்டினியாம், விசாரணையில் தேறிவிட்டான். அண்ணை மாவை வீசித் தட்டி, தக்காளி பூசி, சீஸைக் கிள்ளிப் போட்டு, துளசிக்குத் தூரத்துச் சொந்தமான ஏதோ ஓர் இலையை வைத்துச் சுட்டு எடுத்தார். எடுத்த கையோடு முகம் கழுவி, தலை சீவி, கமெராவுக்குத் தோதாகச் சேர்ட் மாற்றப் பின்னால் போனார். அந்த இடைவெளியில்தான் எல்லாம் நடந்தது.

அக்கா அந்தத் தட்டை எட்டிப் பார்த்தார். வீட்டுக்கு வந்த விருந்தாளிகள். அதுவும் ஊர் உலகமெல்லாம் பார்க்கப்போகும் விருந்தாளிகள். அவர்களுக்கு முன்னால் கறியில்லை, குழம்பில்லை, வெறும் ரொட்டியில் சீஸ். யாழ்ப்பாணத்துப் பெண்ணின் கை சும்மா இருக்குமா? வெள்ளிக்கிழமைச் சைவச் சமையலில் கத்தரிக்காய்ப் பொரிச்ச குழம்பு சட்டியில் இருந்தது. வற்றியதாகப் பார்த்து இரண்டு அகப்பை அள்ளி மேலே பரப்பி, தானே கொண்டுபோய் வைத்துவிட்டு வந்து கல்லாவில் உட்கார்ந்துகொண்டார்.

"தம்பி, வெறும் ரொட்டியைக் குடுத்து அனுப்பினா எங்களைப் பற்றி என்ன நினைப்பினம்" என்று என்னிடம் மெல்லச் சொன்னார்.

அண்ணை புதுச் சேர்ட்டோடு வெளியே வரவும் பொடியன் முதல் வாய் கடிக்கவும் சரியாக இருந்தது. பொடியன் கண்ணை மூடினான். திறந்தான். மறுபடியும் கடித்தான்.

"அங்கிள், இப்படி ஒரு பீட்சா நான் லைஃப்ல சாப்பிட்டதே இல்ல. இந்த ஐடியா உங்களுக்கு எப்படி வந்துச்சு?"

அண்ணை தட்டைப் பார்த்தார். அக்காவைப் பார்த்தார். பலேர்மோ அண்ணை வாயடைத்து நின்று நான் பார்த்த ஒரே தடவை அதுதான். "எவ்வளவு அடக்கமான மனுஷன் பாருங்க" என்று பொடியன் கமெராவிடம் சொன்னான். அதையும் ஒளிபரப்பினார்கள்.

அடுத்த வாரம் ஒழுங்கை ஒழுங்கையாக இல்லை. கொள்ளுப்பிட்டியிலிருந்தும் தெஹிவளையிலிருந்தும் கார்கள் வந்து என் கேற்றை மறித்து நின்றன. நாக்கென்று ஒன்று தங்களுக்கு இருப்பதைத் தொலைக்காட்சி சொல்லித்தான் அறிந்துகொள்ளும் ஒரு வகைச் சனம் உண்டு. அது முழுவதும் எங்கள் ஒழுங்கையில் கூடியது. கொத்துக் கடைக்காரர் தண்ணீர்ப் போத்தல் விற்று முன்னேறினார். இளம் பெண்கள் எங்கள் குப்பை வாளிக்குப் பக்கத்தில் நின்று செல்ஃபி எடுத்தார்கள். எல்லாருக்கும் ஒன்றே ஒன்றுதான் வேண்டும்: அந்தக் கத்தரிக்காய் பீட்சா.

"அது இஞ்ச இல்லை. சைவக் கடைக்குப் போங்கோ" என்று அண்ணை எல்லாரையும் துரத்தினார். படித்த பையன் ஒருவன், இத்தாலியிலேயே கத்தரிக்காய் போடுகிறார்களே என்று வாதாடினான். "அது அவையின்ர கத்தரிக்காய்" என்று கதவைச் சாத்தினார்.

சனம் சும்மா இருக்குமா? ஃபோனில் காறித் துப்பி எழுதியது. வரிசை தேய்ந்தது. மார்கழி பாதிக்கு மேல் போய்விட்டது. மகன் கோலில் வந்தான். நானும் அங்கே இருந்தேன்.

"அப்பா, வாற ஆக்களை நீங்களே துரத்துறீங்கள் எண்டா கடையை நடத்த விருப்பமில்லை எண்டுதானே அர்த்தம்? அப்ப பொங்கலோட வாங்கோ. ரிக்கெற் போடப்போறன்."

ஃபோன் இருண்டது. எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை.

"போங்கோ அண்ணை. போய் பேஸ்மென்றில இருந்துகொண்டு பேரப்பிள்ளைக்கு பலேர்மோக் கதை சொல்லுங்கோ. ஒரு கத்தரிக்காயில உங்கட மானம் போகுதெண்டா நல்லாப் போங்கோ."

ஏசுவார் என்று காத்திருந்தேன். ஏசவில்லை. கையிலிருந்த மாவை உருட்டிக்கொண்டே இருந்தார்.

"தம்பி, முப்பது வருசமா எனக்கு அந்த ஒரு வேலைதான் தெரியும். அதைச் சரியாச் செய்யிறன் எண்டு மட்டும்தான் எனக்கு ஒரு பெருமை. குழம்பை ஊத்திப்போட்டு அதுக்குப் பீட்சா எண்டு பேர் சொல்ல என்னால ஏலாது."

பதில் சொன்னது அக்காதான், கல்லாவிலிருந்து எழும்பாமலே.

"இஞ்சருங்கோ, அதைப் பீட்சா எண்டு ஆர் சொல்லச் சொன்னது? நீங்கள் சுட்டுத் தாங்கோ. மிச்சத்தை நான் செய்யிறன். பாக்க ஏலாட்டி அங்கால திரும்பி நில்லுங்கோ."

அப்படித்தான் நடந்தது. மா மூட்டை இருந்த கூண்டைக் காலியாக்கி அக்கா தன் சட்டியோடு குடியேறினார். அண்ணை சுட்டதைக் கூண்டுக்குள் நீட்டுவார். உடனே முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொள்வார், உள்ளே யாரோ உடுப்பு மாற்றுவதைப்போல. "முடிஞ்சுதே?" என்பார். "ஓம்" என்று அக்கா சொன்ன பிறகுதான் திரும்புவார். விலைப் பலகையில் அதற்குப் பீட்சா என்று பெயர் எழுத விடவில்லை. "அக்காவின்ரது" என்று மட்டும் எழுதினார். சனம் அதையும் படம் எடுத்துப் போட்டது. வரிசை முன்னையைவிட நீண்டது.

பொங்கலன்று அக்கா பொங்கிய புக்கையை எனக்குக் கொண்டுவந்து தந்தபோது, ரிக்கெற் போடவில்லை என்றார். பேஸ்மென்றை மகன் வாடகைக்குக் கொடுத்துவிட்டானாம்.

அன்று மாலையே கீழே போனேன். ஒழுங்கை முனை வரைக்கும் வரிசை. என் மூலை மேசையில் முன்பின் தெரியாத ஒரு குடும்பம். ஊரெல்லாம் தின்கிறதே, நானும் தின்று பார்த்துவிடுவோம் என்று தோன்றியது.

"அண்ணை, எனக்கும் அக்காவின்ரதில ஒண்டு தாங்கோ."

அண்ணை அடுப்பிலிருந்து திரும்பி என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"அது வாற போற சனத்துக்கு. உமக்கில்லை. இரும்."

உட்கார இடமில்லை என்றேன். தான் உட்காரும் முக்காலியை எடுத்து அடுப்புக்குப் பக்கத்தில் போட்டார். நான் மத்தியானம் என்ன சாப்பிட்டேன் என்று அன்றைக்குக் கேட்கவில்லை. அத்தனை பேர் காத்து நிற்க, புதிதாக மாவெடுத்துத் தட்டி, தக்காளியும் சீஸும் அந்த இலையும் மட்டும் வைத்துச் சுட்டு, என் மடியில் தட்டை வைத்துவிட்டுப் போனார். வரிசையில் நின்றவர்கள் என்னை முறைத்தார்கள். அடுப்புச் சூட்டில் முதுகெல்லாம் வியர்த்து ஓடியது. ஒரு பக்கம் கொஞ்சம் கருகியும் இருந்தது. ஏதாவது குறை சொல்லலாம் என்று வாயைத் திறந்தேன். இன்னொரு துண்டை வைத்து மூடிக்கொண்டேன்.

இந்த மனிதர் கனடாவுக்குப் போயிருந்தால், இவ்வளவு பெரிய கொழும்பில் நான் உரிமையோடு கோபித்துக்கொள்ள ஒருத்தரும் இருந்திருக்கமாட்டார்கள்.