பப்பாளிக்கு அர்த்தம் சொன்னவர்

உள்ளர்த்தக்காரர் என்று ஓர் இனம் உண்டு, பார்த்திருக்கிறீர்களா? கோயில் யானை தும்மினால் அதில் அரசியல் காண்பார். வடையின் ஓட்டையில் வாழ்வின் வெறுமையைக் காண்பார். வடை ஆறிப்போகும்.

விருத்தாசலத்தில் எங்களுக்கு வாய்த்தவர் ஓய்வுபெற்ற தலைமை எழுத்தர் பழமலைநாதன்.

வெண்பா, பீங்கான் பட்டறையில் பொம்மைகளுக்கு வர்ணம் பூசுகிற பெண். எட்டு மாத ஞாயிற்றுக்கிழமைகளைச் செலவழித்து, களிமண்ணை உருட்டி, துளி நகர்த்தி ஒரு படம், இன்னும் துளி நகர்த்தி இன்னொரு படம் என்று செல்போனிலேயே எடுத்து ஆறு நிமிஷ அனிமேஷன் படம் ஒன்றை முடித்திருந்தாள். ஒரு பப்பாளி அழுகும், பூஞ்சை பூக்கும், பூஞ்சை சடையாக நீளும், சடைக்குக் கீழே கல்யாணப் பெண் முளைப்பாள். அவளும் உருகுவாள். "மண்ணோட வெளயாடற வயசாடி இது?" என்று எட்டு மாதமும் திட்டிய அம்மா காசியம்மாள், படத்தைத் திரையிட்ட அன்றுதான் மண்டபத்துக்கு வந்து முன்வரிசையில் குந்தியிருந்தாள்.

பப்பாளிக்குச் சடை முளைத்ததும் காசியம்மாள் களுக்கென்று சிரித்தாள். எழுந்துவிட்டார் பழமலைநாதன்!

"நிறுத்துங்க! இது சிரிக்கிற எடம் இல்லீங்க."

லேப்டாப்பை இயக்கிய ஆனந்தராஜ் பயந்துபோய் நிறுத்தினார். திரையில் பாதிப் பெண், பாதிப் பப்பாளி. முன்னால் முழுப் பழமலைநாதன். பப்பாளி என்பது சமுதாயம் என்றார். பூஞ்சை என்பது பேராசை. விதை? "வெதைங்கறது நாமதாங்க!" கால் மணி நேரம் போயிற்று. மங்கலம்பேட்டை பஸ்ஸுக்கு நாலு பேர் நழுவினார்கள்.

வெண்பா தயங்கி எழுந்தாள். "ஐயா, அது சும்மா பப்பாளிங்க. எங்க வூட்ல அழுவிப் போச்சு. பார்க்க அழகா இருந்துது."

"உனக்கே தெரியாம வந்திருக்கும்மா" என்றார் கனிவாக. எடுத்தவளிடமே!

காசியம்மாள் எழுந்தாள். "நீங்க செத்த குந்துங்க. அந்தப் பொண்ணு என்னா ஆனான்னு நான் பாக்கணும்."

கைதட்டல் கூரையைத் தொட்டது. ஆனந்தராஜ் பட்டனை அழுத்தினார். பெண் உருகித் தவளையானாள். தவளை இறக்கை கட்டிக்கொண்டு மணிமுத்தாற்றின் மேல் பறந்தது. வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்த காசியம்மாள், கண்ணைத் துடைத்துக்கொண்டு மகளைப் பார்த்தாள்.

"இன்னொரு வாட்டி போடச் சொல்லுடி. அடுத்தது கத்திரிக்கா வெச்சு எடுக்கறியா?"

வெண்பா வேகமாகத் தலையை ஆட்டினாள்.

பழமலைநாதனா? அந்தச் சிரிப்பு எதைக் குறிக்கிறது என்று, வாசலில் செருப்பு தேடியவர்களுக்கு விளக்கிக்கொண்டிருந்தார்.

இதைப் படித்துப் பக்கத்தில் யாராவது சிரித்தால், சும்மா சிரிக்க விடுங்கள். முடியவில்லையா? நாக்கு நமநமக்கிறதா? அப்படியானால் ஐயா, தயவுசெய்து நீங்களும் செத்த குந்துங்கள்.