பேருக்குத்தான்

"உன் மூஞ்சியப் பார்த்தாலே எனக்கு மிஷின் ஓடாது. அந்தப் பக்கமே கெட."

"யாரு வர்றா இந்தப் பக்கம்? மொதல்ல உன் ஆயில் கைய என் தடுப்பு மேல வெக்காத."

அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு தகரக் கொட்டகை. குறுக்கே பிளைவுட் தடுப்பு. இந்தப் பக்கம் நாகேந்திரன், அந்தப் பக்கம் அவன் மனைவி லோகநாயகி. தகடு அடிக்கும் பிரஸ் மிஷின்களை நிறுத்திவிட்டு ஆட்கள் வேடிக்கை பார்த்தார்கள். ஸ்டூலில் உட்கார்ந்திருந்த பி.எஃப். இன்ஸ்பெக்டர் பேனாவை மூடிவிட்டார்.

ஓரமாக நின்ற சண்முகசுந்தரத்துக்கு மட்டும் பரம திருப்தி. வசனம் அவர் எழுதிக் கொடுத்தது.

"ஊட்ல கரண்டி, இங்க கையெழுத்து. இத்தினி வருஷத்துல ஒரு நாளாச்சும் என்னைப் பேர் சொல்லிக் கூப்ட்டுக்கீறியா?" என்றாள் லோகநாயகி.

இது அவர் எழுதாதது. இருந்தாலும் நன்றாகத்தான் இருக்கிறது என்று விட்டுவிட்டார்.

சண்முகசுந்தரம் ஆவடியில் ஒரு சர்க்கார் தொழிற்சாலையில் டைம் ஆபீஸ் கிளார்க். குவார்ட்டர்ஸ்வாசி. வேலை நேரம் போக, எஸ்டேட்டின் சின்னக் கம்பெனிகளுக்குச் சம்பளக் கணக்கு, பி.எஃப்., ஈ.எஸ்.ஐ. எல்லாம் பார்த்துக் கொடுப்பார். சர்க்கார் ஆள் தனியாகத் தொழில் நடத்தியது தெரிந்தால் சீட்டுக் கிழிந்துவிடும். அதனால் மனைவி பேரில் 'தாட்சாயிணி அசோசியேட்ஸ்'. தன் கையெழுத்துகூட எதிலும் விழக்கூடாது என்று எழுதுவது, கூட்டுவது, டைப் அடிப்பது அத்தனையும் அவளிடம் தள்ளியிருந்தார். "யாரு சார் தாட்சாயிணி?" என்று யாராவது கேட்டால், "வீட்டுக்காரி. பேருக்குத்தான்" என்பார்.

அந்த ஒரு வார்த்தையில்தான் அவர் பிழைப்பே ஓடியது. இருபது பேர் வேலை செய்தால் முதலாளி பி.எஃப். கட்ட வேண்டும். நாகேந்திரனிடம் முப்பது சொச்சம் ஆட்கள். சண்முகசுந்தரம் குறுக்கே தடுப்பு அடித்து, பாதிக் கம்பெனியை லோகநாயகிக்கு எழுதி, வாசலில் இரண்டு போர்டு மாட்டினார். இரண்டிலும் ஆட்கள் இருபதுக்குக் கீழே. "பேருக்குத்தாம்மா, கையெழுத்து மட்டும் போடுங்க." அந்தத் தெருவில் அவர் அடித்த தடுப்புகள் இன்னும் பல. ஒன்று சாய்ந்தால் எல்லாம் சாயும், கடைசியில் அவர் உத்தியோகத்தின் மேலேயே விழும்.

போன தடவை வந்தபோது இதே இன்ஸ்பெக்டர், "புருஷன் பொண்டாட்டி, ஒரே அடுப்பு. எப்படிய்யா ரெண்டு கம்பெனி?" என்று கேட்டுவிட்டுப் போயிருந்தார். அதற்குப் பதில்தான் இன்றைய சண்டை.

"பாத்தீங்கள்ல சார். ரெண்டு பேருக்கும் ஆகாது" என்றார் சண்முகசுந்தரம்.

"நீங்க யாரு?"

கன்சல்டண்ட் என்றால் பேரை எழுதிக்கொள்வார். "அந்தம்மாவுக்கு அண்ணன் சார்."

"அண்ணனா? கூடப் பொறந்தவள இந்தாளோட விட்டுட்டு வேடிக்கை பாக்கறீங்களே. கூட்டிட்டுப் போக வேண்டாமா?"

"இன்னைக்கே கூட்டிட்டுப் போறேன் சார்."

டீ கேனோடு நின்ற வேம்புலியம்மாள், "அண்ணன் இருக்கறது இன்னிக்குத்தான் தெரியுது" என்று முனகினாள். அவளுக்கு வேறு கவலை. மகன் தேவராஜ் அங்கேதான் பிரஸ் ஓட்டுகிறான். "பொண்ணு ஊட்ல மொத கேள்வியே பி.எஃப். புடிக்கிறாங்களான்றதுதான். இல்லன்னதும் ஆத்துன காபிய அப்டியே உள்ள எடுத்துக்கினு பூட்றாங்க."

குவார்ட்டர்ஸ் வாசலில் பெட்டியோடு வந்து நின்றவளைப் பார்த்து, "யாருங்க?" என்றாள் தாட்சாயிணி.

"என் தங்கச்சி."

"கல்யாணமாகி இத்தன வருஷத்துல சொல்லவே இல்லையே."

"பேருக்குத்தான்."

தாட்சாயிணி லோகநாயகியை மேலும் கீழும் பார்த்தாள். "நீங்களும் பேருக்குத்தானா? உள்ள வாங்க."

அதற்கப்புறம் சமையலறையில் ஒரே பேச்சு. நடுநடுவே சிரிப்பு வேறு. சண்முகசுந்தரம் தண்ணீர் குடிக்கப் போனால் சிரிப்பு நின்றுவிடும். புடவைக் கதையாக இருக்கும் என்று திரும்பிவிடுவார்.

இன்ஸ்பெக்டர் மறுபடி வந்தார். "தனிக் கம்பெனிங்கறீங்க. அந்தம்மா பக்கம் இருக்கிற பெரிய பிரஸ்ஸு புருஷன் பேர்ல, கரண்ட் மீட்டரு புருஷன் பேர்ல, ஆர்டரு வர்றதும் புருஷன் பேருக்கு. அப்புறம் என்ன தனி?"

"எல்லாம் மாத்திடறோம் சார்" என்றார் அண்ணன்.

நாகேந்திரன் அவரைத் தனியாக இழுத்துப் போனான். "இன்னா சார் இது? மிஷினையும் ஆர்டரையும் எழுதிக் குடுத்துட்டா எனுக்கு இன்னா மிஞ்சும்?"

"உன் பொண்டாட்டிதானய்யா. பேருக்குத்தான்."

எழுதியாயிற்று. இன்ஸ்பெக்டர் எல்லாவற்றையும் பார்த்துவிட்டு, "ரெண்டும் வேற வேற கம்பெனிதான்" என்று முடித்துக் கொடுத்துவிட்டுப் போனார். சண்முகசுந்தரம் தெரு முழுக்க லட்டு கொடுத்தார்.

சாயங்காலமே நாகேந்திரன் மல்லிகைப்பூவோடு குவார்ட்டர்ஸுக்கு வந்தான். "கெளம்பு. வேல முடிஞ்சுது."

"எங்க?" என்றாள் லோகநாயகி. "நமக்குள்ள ஆகாதுன்னு கவர்மெண்ட்டே ஒத்துக்கினுது. நான் திருவேற்காட்ல ஊடு பாத்துட்டேன்."

"ஏய், அது நடிப்புடி."

"உனுக்கு நடிப்பு. எனுக்கு அன்னிக்குத்தான் வாயே தொறந்துச்சு."

அவன் சண்முகசுந்தரத்தைப் பார்த்தான். சண்முகசுந்தரம் பூப்பொட்டலத்தைப் பார்த்தார்.

அடுத்த மாதம் லோகநாயகி தன் ஆட்களுக்கு பி.எஃப். பிடிக்கத் தொடங்கினாள். சேதி கேட்டதும் தடுப்புக்கு இந்தப் பக்கம் இருந்தவர்கள் ஒவ்வொருவராக அந்தப் பக்கம் போனார்கள். முதலில் போனவன் தேவராஜ். எல்லோரும் போன பிறகு அவள் தடுப்பைப் பிரித்து அடுக்கி வைத்தாள். நாகேந்திரன் கொஞ்ச நாள் எதிர் டீக்கடையில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு ஓசூரில் யாரிடமோ சூப்பர்வைசராகப் போய்விட்டான் என்றார்கள்.

அதோடு நின்றதா? தெருவில் பேருக்கு முதலாளியாக இருந்த மற்ற அம்மாக்களும் முழித்துக்கொண்டார்கள். சண்முகசுந்தரத்தின் கட்சிக்காரர்கள் வரிசையாகக் கழன்றார்கள். கேட்டால், "வேற நல்ல கன்சல்டண்ட் கெடச்சிருக்காங்க சார்" என்று மட்டும் சொல்வார்கள். மேற்கொண்டு துருவினால் உத்தியோகத்துக்கு ஆபத்து. வாயை மூடிக்கொண்டு வீட்டில் உட்கார்ந்தார். ஒரே ஆறுதல், தாட்சாயிணி செவ்வாய், வெள்ளி தவறாமல் திருவேற்காடு அம்மனுக்குப் போக ஆரம்பித்திருந்தாள். தொழில் நொடித்ததற்காகத்தான் வேண்டுகிறாள் என்று நினைத்து, சில நாள் அவர் கண்கூடக் கலங்கியது.

தை மாதம் திருமுல்லைவாயில் கோயிலில் தேவராஜுக்குக் கல்யாணம். பெண் புஷ்பா, திருமழிசைக்காரி. இந்தத் தடவை பெண் வீட்டார் காபியை உள்ளே எடுத்துக்கொண்டு போகவில்லை. சண்முகசுந்தரமும் போய் மொய் எழுதிவிட்டு, பந்தியில் வேம்புலியம்மாளைப் பிடித்தார். குரலைத் தாழ்த்திக்கொண்டு, "ஏம்மா, லோகநாயகிக்கு பி.எஃப். வேலை பாக்கறது யாரு? நம்ம ஆளுங்க எல்லாம் அந்தாள்கிட்டதான் போயிட்டாங்களாமே" என்றார்.

வேம்புலியம்மாள் இலையில் இன்னொரு வடையை வைத்தாள்.

"இன்னா சார், தெரியாத மாரி கேக்குற? கம்பெனியே உங்க ஊட்டம்மா பேர்லதானே கீது?"