கல்லுக்குத் திரும்பிய சிங்கம்

உடம்புக்கு வந்தவனை டாக்டர் விட்டுவிடுவார். நோயும் ஒருநாள் விட்டுவிடும். சொந்தக்காரர்கள் விடமாட்டார்கள்.

நான் பரோட்டா மாஸ்டர். ஊர் ஏம்பலம். வேலை, வில்லியனூர் போகிற ரோட்டில் ஒரு ஓட்டலில். எனக்குப் பேச்சு அதிகம் வராது. படிப்பும் எட்டாவதுக்கு மேல் வரவில்லை. பரோட்டா வீச வரும். அதுவும் ஒருநாள் நின்றுபோனது.

கல்லுக்கு முன்னால் நின்றிருந்தேன். வலது கை தொங்கிவிட்டது. வாய் கோணியது. முதலாளி கல்லாவிலிருந்து பார்த்துவிட்டு, "இன்னா மாஸ்டர், கோவமா?" என்றார். (என் முகம் எப்போதும் அப்படித்தான் இருக்குமாம். அவருக்கு வித்தியாசம் தெரியவில்லை.) கையிலிருந்த தோசைத் திருப்பி கீழே விழுந்த பிறகுதான் ஓடிவந்தார்.

பக்கவாதம் என்றார்கள். சீக்கிரம் கொண்டு வந்ததால் பிழைத்தேன் என்றார்கள். பேச்சு திரும்பியது. கால் திரும்பியது. வாய் நேரானது. கை மட்டும் வரவில்லை.

அதற்குத்தான் ஆஸ்பத்திரியில் தெரபி மேடத்திடம் அனுப்பினார்கள். அதுவரை பிசியோ என்று ஒன்று இருப்பது தெரியும். இது வேறு. ஆக்குபேஷனல் தெரபியாம். பிசியோ கையை அசைய வைப்பார். இந்த மேடம் அந்தக் கையை வேலைக்கு அனுப்பி வைப்பார். அவ்வளவுதான் எனக்குப் புரிந்தது. சின்ன வயது. கண்ணாடி. பாண்டி டவுன் பொண்ணு. முதல் நாளே கேட்டது:

"அண்ணே, வேலைக்குப் போனா கை இன்னின்னா செய்யணும்? மொதல்லேர்ந்து சொல்லுங்க."

"பரோட்டா போடணும்."

"அது தெரியும்ண்ணே. எப்படிப் போடுவீங்க?"

யாரும் என்னை அப்படிக் கேட்டதில்லை. பிசைவது, உருட்டுவது, தட்டுவது, வீசுவது, சுருட்டுவது என்று சொன்னேன். அன்றைக்குப் பேசியது அந்த வருஷத்துக்கே போதும்.

மேடம் கொடுத்த பாடம் இதுதான். துணிக்கு மாட்டுகிற கிளிப்பை வலது கையால் மாட்டி எடுக்க வேண்டும். பட்டாணியையும் கொண்டைக்கடலையையும் கலந்து வைத்துப் பொறுக்க வேண்டும். கை கொஞ்சம் தேறியதும் ஈரத்துண்டை மாவு மாதிரி வீசிப் பழக வேண்டும். சாப்பாட்டை யாரும் ஊட்டக்கூடாது.

என் பெண்சாதி செல்வி அதைக் கேட்டுவிட்டு இடுப்பில் கை வைத்தாள்.

"பட்டாணி பொறுக்க ஆஸ்பத்திரிக்குப் போவணுமா? இத்தினி வருசமா வூட்டுல அரிசியில கல்லு பொறுக்குன்னு சொன்னனே, பொறுக்கினியாய்யா?"

அப்படிச் சொன்னவள்தான் மறுநாள் சோற்றைப் பிசைந்து ஊட்ட வந்தாள். வேண்டாம் என்றேன். அழுதாள். அவள் தங்கச்சி வந்து ஊட்டினாள். அவளிடமும் வேண்டாம் என்றேன். அவளும் அழுதாள். கடைசியில் அவர்கள் அழுகையை நிறுத்த நான் வாயைத் திறந்தேன். எனக்கு வைத்தியம் பார்த்தது மேடம். செல்விக்கும் அவள் தங்கச்சிக்கும் வைத்தியம் பார்த்தது நான்.

வீட்டில் ஈரத்துண்டு படாத இடம் இல்லை. டிவி, டியூப்லைட், மாமியார் எல்லாம் பட்டாயிற்று. மேடம் பார்த்துவிட்டுத் தெளிவாகச் சொன்னது.

"அண்ணே, பிடிக்கறது வந்துடுச்சு. விடறது இன்னும் வரல. விரலு திறக்க ஒரு நொடி லேட்டாவுது. அது வர்ற வரைக்கும் கல்லுகிட்ட வீசவே கூடாது."

இதற்குள் கடையில் குமார் என்று கடலூர்ப் பையன் ஒருத்தனை முதலாளி வைத்துவிட்டார். வேகமானவன். வீசும்போது சினிமாப் பாட்டும் பாடுவான். நான் போய்ப் பார்த்தேன். முதலாளி என் கண்ணைப் பார்க்காமல் சொன்னார்.

"வந்து பாரு மாஸ்டர். முடிஞ்சா கல்லு உன்னுது. முடியலன்னா நான் இன்னா பண்ணட்டும்? கடை ஓடணுமில்ல."

வேறு வேலை எனக்குத் தெரியாது. அந்தக் கல்தான் நான்.

மேடம் முதலாளியிடம் நேரில் போய்ப் பேசியது. முதல் நாள் மத்தியானம் மட்டும். கூட்டம் இல்லாத நேரம். ஸ்டூல் போட்டு உட்கார்ந்து உருண்டை மட்டும் பிடிப்பது. பிறகு தட்டுவது. கடைசியில்தான் வீச்சு. முதல் நாள் மேடமும் கூட வரும். முதலாளி எல்லாவற்றுக்கும் சரி என்றார். எல்லாம் ஒழுங்காகப் போயிருக்கும்.

என் மச்சான் ஏழுமலை பிளக்ஸ் அடிக்காமல் இருந்திருந்தால்.

ஏழுமலை செல்வியின் தம்பி. காதுகுத்துக்குப் பிளக்ஸ் அடிப்பான். காரியத்துக்குப் பிளக்ஸ் அடிப்பான். பக்கத்து வீட்டு மாடு கன்று போட்டபோது ஊருக்குப் போயிருந்தான். இல்லாவிட்டால் அதற்கும் அடித்திருப்பான். நான் வேலைக்குப் போகிற அன்று காலையில் கடைக்கு எதிரே தென்னை மரம் உயரத்துக்கு நின்றது அது.

'நோயை வென்று கல்லுக்குத் திரும்பும் பரோட்டா சிங்கமே! வருக! வருக! இன்று மாலை. அனைவரும் வாரீர்.'

நடுவில் நான். கல்யாணத்தில் எடுத்த படம். அதில் இல்லாத கூலிங் கிளாஸ் இப்போது இருந்தது. பக்கத்தில் ஒரு சிங்கம். என்னைவிட அது சாதுவாகத் தெரிந்தது. கீழே வரிசையாக ஏழுமலையின் கூட்டாளிகள். ஒருத்தனை எனக்கு இன்றுவரை யாரென்று தெரியாது. கைகூப்பி நிற்கிறான்.

"இன்னாடா இது?" என்றேன்.

"மாமா, நீ செத்துப் பொழச்சு வந்திருக்க. சும்மா போய் உக்காந்து மாவு உருட்டுவியா? நாலு பேருக்குத் தெரிய வேணாமா?"

"மேடம் மத்தியானம் சொல்லிச்சுடா."

"மத்தியானம் எவன் மாமா பரோட்டா துன்றான்?"

முதலாளியிடமிருந்து போன் வந்தது. குரலில் சிரிப்பு. "மாஸ்டர், மத்தியானம் வாணாம். சாயந்தரம் வந்துடு. மைதா கூடப் போடச் சொல்லிட்டேன்."

மேடத்துக்குச் சொல்லச் சொல்லி ஏழுமலையிடம் சொன்னேன். சரி என்றான். சொல்லவில்லை.

சாயந்தரம் அவன் என்னைப் பைக்கில் பின்னால் உட்கார வைத்துக் கூட்டிப் போனான். கடை வாசலில் சரவெடி. (எனக்கு வந்தது பக்கவாதம். டாக்டர் அதிர்ச்சி கூடாது என்றிருந்தார்.) சால்வை போட்டார்கள். மாலை போட்டார்கள். யாரோ திருஷ்டிப் பூசணிக்காய் உடைத்தார்கள். அதில் வழுக்கி விழப் பார்த்தேன்.

உள்ளே மூலையில் மேடம். மத்தியானத்திலிருந்து அங்கேயே இருந்ததாம். முன்னால் காலி டீ கிளாஸ்கள். முகத்தைப் பார்த்தால் அதற்கும் பிரஷர் மாத்திரை வேண்டும் போலிருந்தது.

"வாங்க சிங்கம்," என்றது.

நான் மாலையையும் சால்வையையும் கழற்றிப் பக்கத்தில் வைத்தேன்.

"அந்த ஸ்டூல் மட்டும் போதும்ண்ணே. அதுல உக்காந்து உருண்டை மட்டும் பிடிங்க. இவ்ளோ கூட்டத்துல வேற எதுவும் வேணாம்."

ஸ்டூலைப் பார்த்தேன். அதில் என் மாலையும் சால்வையும் உட்கார்ந்திருந்தன. நான் கல்லுக்கு முன்னால் நின்றேன். குமார் கையைக் கட்டிக்கொண்டு தள்ளி நின்றான். பாட்டை நிறுத்திவிட்டான்.

உருண்டை பிடித்தேன். நன்றாக வந்தது. தட்டினேன். வந்தது. மேடம் தலையாட்டியது. அதோடு விட்டிருக்கலாம்.

"வீசு மாஸ்டர்!" என்று ஒரு குரல். பிறகு கடையே கத்தியது. எல்லார் கையிலும் போன். ஏழுமலை பெஞ்சு மேல் ஏறி விசில் அடித்தான். முதலாளி கல்லாவிலிருந்து என்னையும் பார்த்தார், குமாரையும் பார்த்தார்.

அந்தப் பார்வைதான். எடுத்து வீசினேன்.

ஒரு சுற்று அழகாக வந்தது. இரண்டாவதும் வந்தது. மாவு வேட்டி மாதிரி விரிந்தது. மூன்றாவது சுற்றில் விரல் திறக்க வேண்டிய இடத்தில் திறக்கவில்லை. ஒரு நொடி கழித்துத் திறந்தது. அதற்குள் கை கல்லாவின் பக்கம் போய்விட்டிருந்தது.

கல்லாவுக்கு மேலே முதலாளியின் அப்பா படம் இருக்கும். கடையை ஆரம்பித்த பெரியவர். சந்தன மாலை, சீரியல் லைட்டு, தினமும் ஊதுபத்தி. மாவு நேராகப் போய் அவர் முகத்தில் அப்பிக்கொண்டது.

விசில் நின்றது. கல்லில் எண்ணெய் பொரிகிற சத்தம் மட்டும் கேட்டது. மாவு மெதுவாக வழிந்து, பெரியவரின் ஒரு கண் மட்டும் வெளியே வந்தது. என்னையே பார்த்தது. சீரியல் லைட்டு மாவுக்கு உள்ளிருந்து பச்சையும் சிவப்புமாக மினுக்கியது.

பின்னாலிருந்து ஒருத்தன் சொன்னான்: "பெரியவருக்குப் பசி போலப்பா."

முதலாளி எழுந்தார். முகம் கறுத்திருந்தது. வாயைத் திறந்தார். என் வேலை அந்த வாயில் இருந்தது.

அதற்கு முன்னால், கூட்டத்தில் நின்றிருந்த செல்வி வாயைத் திறந்துவிட்டாள்.

"முதலாளி, வையாதீங்க! மொதப் பரோட்டா பெரியவருக்குத்தான்னு ஆஸ்பத்திரியில படுத்துக்கினே வேண்டிக்கினாரு. பெரியவரே கைநீட்டி வாங்கிக்கினாரு பாருங்க!"

நான் எதையும் வேண்டிக்கொள்ளவில்லை. ஆஸ்பத்திரியில் எனக்கு வாயே வரவில்லை. அதைச் சொல்ல வந்தேன். செல்வி என் காலை மிதித்தாள். (அது வராத கை இருக்கிற பக்கத்துக் கால். நன்றாக வலித்தது. உணர்ச்சி திரும்பிவிட்டது என்று அப்போதுதான் தெரிந்தது.)

முதலாளி படத்தைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். கண் கலங்கிவிட்டது.

"எங்கப்பாவுக்கு இவன் கைப் பரோட்டான்னா உசுரு," என்றார். "யாரும் தொடைக்காதீங்கப்பா. அவரு துன்னட்டும்."

கற்பூரம் கொண்டுவரச் சொன்னார். கூட்டம் கன்னத்தில் போட்டுக்கொண்டது. குமாரும் போட்டுக்கொண்டான். முதலாளி என் தோளைத் தட்டி, "கல்லு உன்னுது மாஸ்டர்," என்றார்.

இத்தனை மாதம் பட்டாணி பொறுக்கினேன். கிளிப்பு மாட்டினேன். எதுவும் கொடுக்காத வேலையைக் கை தப்பிப் போன ஒரு மாவு கொடுத்தது. எனக்கு எரிச்சலாக இருந்தது. மேடத்துக்கு அதைவிட.

"அண்ணே," என்றது பக்கத்தில் வந்து, "வேலை கிடைச்சிடுச்சு. கை கிடைச்சுதா?"

விரலைத் திறந்து பார்த்தேன். ஒரு நொடி லேட்டாகத்தான் திறந்தது.

மேடம் பிறகு செய்ததுதான் எனக்குப் புரியவேயில்லை. என்னைத் திட்டாமல் முதலாளியிடம் போனது.

"சார், உங்கப்பா ஒரு பரோட்டா சாப்பிட்டாரு. சந்தோஷம். அடுத்த பரோட்டா எப்போ கேப்பாருன்னு தெரியுமா?"

"தெரியலையேம்மா."

"அதுக்குள்ள இவர் கை சரியாவணுமா வேணாமா?"

"ஆவணும்மா, ஆவணும்!"

"அப்ப நான் சொல்ற மாதிரி விடுங்க. மத்தியானம் மட்டும். ஸ்டூலு. உருண்டை. சாயந்தரம் குமார் போடட்டும்."

ஆஸ்பத்திரிக்காரர்கள் சொன்னதற்கு அரைகுறையாகத் தலையாட்டிய முதலாளி, அப்பாவுக்காக என்றதும் முழுசாகத் தலையாட்டினார். மாவு போடுகிற மேடைக்குச் சரியாக ஸ்டூலுக்கு அடியில் செங்கல் வைத்தார். எண்ணெய் டின்னை இடது பக்கம் மாற்றினார். ஸ்டூலில் மாலை போட வந்த ஏழுமலையை விரட்டினார்.

பெரியவர் மேல் ஒட்டிய மாவை எறும்பு வந்த பிறகுதான் துடைத்தார்கள்.

உருண்டையில் ஆரம்பித்துத் தட்டுவதற்கு வந்தேன். தட்டுவதிலிருந்து வீச்சுக்கு வர மழைக்காலம் போய்விட்டது. இப்போது சாயந்தரமும் நான்தான். குமார் பக்கத்தில் இன்னொரு கல் போட்டுக்கொண்டான். பாட்டு மட்டும் தாங்க முடியவில்லை.

பெரியவருக்குத் திதி வந்தது. முதலாளி கடையைக் கழுவி, படத்துக்குப் புது மாலை போட்டு, என்னைக் கூப்பிட்டார்.

"மாஸ்டர், அப்பாவுக்கு ஒண்ணு வீசு."

"தட்டுல வெச்சுப் படைக்கறேன் முதலாளி."

"தட்டுல வாணாம். அன்னைக்கி மாதிரி வீசு."

வீசினேன். சுற்றி வந்து மேடையில் விழுந்தது. இன்னொன்று வீசினேன். அதுவும் மேடையில்தான். படத்தைப் பார்த்தே எறிந்தேன். விரல் திறக்கிற இடத்தில் சரியாகத் திறந்துகொண்டது. மாவு பழைய பழக்கத்தில் என் முன்னாலேயே வந்து படுத்தது. கடையில் இருந்தவர்கள் உச்சுக் கொட்டினார்கள்.

முதலாளி முகம் வாடிவிட்டது. "அப்பாவுக்கு நம்ம மேல இன்னா கோவமோ?"

மேடத்துக்குப் போன் போட்டுச் சொன்னேன். அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சிரிப்பு மட்டும் கேட்டது.

"அண்ணே, இனிமே ஆஸ்பத்திரிக்கு வராதீங்க," என்றது. "அவ்ளோதான். முடிஞ்சுது."

ஊருக்கு முடியவில்லை. ஒவ்வொரு திதிக்கும் முதலாளி கூப்பிடுகிறார். நான் வீசுகிறேன். மேடையில் விழுகிறது. அவர் சந்தேகமாகப் பார்க்கிறார். வீட்டுக்கு வந்தால் செல்வி பிடித்துக்கொள்கிறாள்.

"ஒரே ஒரு தபா கோணையா வீசேன்யா. அதுகூட உனக்கு வராதா?"

வரவில்லை.